வேலை நின்ற நாளுக்கு ஒரு சூத்திரம்

அரசுக் கட்டட வேலை ஒன்று பத்து மாதம் நின்றுபோகிறது. நிலத்தை முழுதாக ஒப்படைக்கவில்லை, வரைபடம் வந்துசேரவில்லை, அடித்தள வடிவமைப்பைப் பாதியில் மாற்றினார்கள். பிழை அரசின் பக்கம்தான் என்று நடுவரும் சொல்லிவிட்டார். இனி, இழப்பீடு எவ்வளவு என்பதே கேள்வி.

சில கணக்குகள் சுலபம். சும்மா நின்ற கலவை இயந்திரத்துக்கு வாடகை ரசீது இருக்கிறது. காவலாளியின் சம்பளத்துக்கு வவுச்சர் இருக்கிறது. கம்பி விலை ஏறியதற்குச் சந்தை விலைப்பட்டியல் இருக்கிறது. சிக்கல் சைட்டுக்கு வெளியே, ஒப்பந்தக்காரரின் தலைமை அலுவலகத்தில் தொடங்குகிறது. அந்த அலுவலகத்தின் வாடகை, கணக்கர்கள், டெண்டர் போடும் பொறியாளர்கள், தணிக்கையாளர் கட்டணம் எல்லாம் நிறுவனத்தின் அத்தனை வேலைகளுக்கும் பொது. தொழிலில் இதை ஓவர்ஹெட் என்பார்கள். ஒவ்வொரு வேலையும் தன் பில்லிலிருந்து ஒரு பங்கை இதற்குத் தரவேண்டும். வேலை நின்றால் பில் நிற்கும், பங்கும் நிற்கும். அலுவலக வாடகை நிற்காது. அதே சமயம், வேலை நின்றதால் அந்த வாடகை ஒரு ரூபாய்கூட ஏறவும் இல்லை. ஏறாத செலவை இழப்பு என்று எப்படி நிரூபிப்பது?

இதற்கு விடையாகத்தான் ஒரு சூத்திரம் பிறந்தது. அமெரிக்க ஏவுகணைத் தளத்தில் அதற்கு ஒரு வடிவம், லண்டன் சட்டப் புத்தகத்தில் இன்னொன்று. மும்பைக் கடலில் நிற்கும் எண்ணெய் மேடைகள், டில்லியின் குடியிருப்புகள் வழியாக அது இந்திய உச்ச நீதிமன்றத்துக்குள் வந்தது. முதலில் வரவேற்பு பெற்றது, பிறகு குறுக்கு விசாரணைக்கு ஆளானது. அரசிடம் வேலை எடுத்தவர்கள் பலரின் நஷ்டமும் லாபமும் அதன் மூன்று உறுப்புகளில் அடங்கியிருந்தன.

பிறக்கும் முன்பே இருந்த சண்டை

சூத்திரம் வருவதற்கு நெடுங்காலம் முன்பே இழப்பீட்டுச் சட்டத்தில் இரண்டு கொள்கைகள் ஒன்றையொன்று முறைத்துக்கொண்டிருந்தன.

முதலாவது கறாரானது. இங்கிலாந்தின் குளோஸ்டர் நகர மாவு ஆலை ஒன்றின் உடைந்த அச்சை எடுத்துப்போன சரக்கு நிறுவனம் தாமதம் செய்தது. ஆலை நின்ற நாட்களின் லாபத்தை உரிமையாளர்கள் கேட்டார்கள். மீறலிலிருந்து இயல்பாக விளையும் இழப்பும், ஒப்பந்தம் செய்தபோதே இருவரும் எதிர்பார்த்திருக்கக்கூடிய இழப்பும்தான் கிடைக்கும் என்று 1854இல் தீர்ப்பு வந்தது. ஹாட்லி எதிர் பாக்சென்டேல் என்ற அந்த வழக்கின் சாரமே 1872ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டத்தில் 73ஆம் பிரிவாக அமர்ந்தது. இழப்பைத் தவிர்க்கக் கையிலிருந்த வழிகளையும் கணக்கில் எடுக்கவேண்டும் என்று அதன் விளக்கக் குறிப்பு சொல்கிறது. எப்படிக் கணக்கிடுவது என்பதை மட்டும் அந்தப் பிரிவு சொல்லவே இல்லை.

இரண்டாவது இளகியது. லண்டனில் நடிகர் சீமோர் ஹிக்ஸ் நடத்திய அழகிப் போட்டியின் இறுதிச் சுற்றுக்கு ஒரு பெண்ணை முறையாக அழைக்கவில்லை. 50 பேரில் 12 பேருக்கு நாடக வாய்ப்பு. அவர் வென்றிருப்பாரா என்பதை யாராலும் சொல்லமுடியாது. ஆனாலும் 1911இல் 100 பவுண்டு இழப்பீடு நிலைத்தது. அளப்பது கடினம் என்பதற்காக இழப்பே இல்லை என்று ஆகிவிடாது என்றார்கள் நீதிபதிகள்.

நிரூபி என்கிறது ஒன்று. நிரூபிக்கமுடியாததற்கும் நியாயம் உண்டு என்கிறது மற்றொன்று. அரசு வழக்கறிஞர் எப்போதும் முதலாவதைப் பிடித்துக்கொள்வார், ஒப்பந்தக்காரர் இரண்டாவதை. சூத்திரத்தின் வாழ்க்கை முழுக்க இந்த இரண்டுக்கும் நடுவே நடந்ததுதான்.

பிட்ஸ்பர்க், 1960

அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரில் ஐக்லி என்று ஒரு நிறுவனம். கட்டடங்களைப் பெயர்த்து நகர்த்துவதில் பேர்போனது. 1903இல் ஒரு பெரிய மாளிகையை மொனோங்கஹேலா ஆற்றோரச் செங்குத்துக் குன்றின் மேல் தூக்கி வைத்தவர்கள். பனிப்போர்க் காலத்தில் நைக்கி ஏவுகணைத் தளங்களைக் கட்டும் அரசு வேலை அவர்களிடம் வந்தது. அரசால் வேலை தடைபட்டது. தலைமை அலுவலகச் செலவில் ஒரு பங்கை நிறுவனம் கேட்டது. ராணுவ ஒப்பந்தத் தகராறுகளை விசாரிக்கும் மேல்முறையீட்டு வாரியம் 1960இல் அந்தக் கணக்கு முறையை ஏற்றது. துல்லியமாக அளக்க வழியில்லாதபோது நியாயமான பங்கீடு ஒன்று போதும் என்பது வாரியத்தின் நிலை.

முறை மூன்று படிகள் கொண்டது. இந்த ஒப்பந்தத்தின் பில் தொகை, அதே காலத்தில் நிறுவனத்தின் மொத்த பில் தொகையில் எத்தனை பங்கு என்று பார். தலைமை அலுவலகச் செலவில் அந்தப் பங்கை எடுத்து, வேலை உண்மையில் நடந்த மொத்த நாட்களால் வகு. கிடைக்கும் தினசரித் தொகையைத் தாமத நாட்களால் பெருக்கு.

இதில் லாபம் கிடையாது, செலவு மட்டுமே. எண்கள் எல்லாம் நிறுவனத்தின் உண்மையான கணக்குப் புத்தகத்திலிருந்து வரவேண்டும். இந்த இரண்டு கட்டுப்பாடுகளும் பின்னால் லண்டனில் தளர்ந்தன.

லண்டன், 1970

ஆல்ஃபிரட் ஆர்தர் ஹட்சன் என்ற பாரிஸ்டர் 1891இல் கட்டட, பொறியியல் ஒப்பந்தங்களின் சட்டம் பற்றி எழுதிய நூல் இங்கிலாந்தில் தலைமுறை தலைமுறையாகத் திருத்திப் பதிப்பிக்கப்பட்டது. ஐ.என். டங்கன் வாலஸ் பதிப்பித்த பத்தாம் பதிப்பு 1970இல் வந்தது. இன்று உலகம் ஹட்சன் சூத்திரம் என்று அழைப்பது அந்தப் பதிப்பில் இருந்தது. முதல் நூலை எழுதியவரின் பெயர், எண்பது ஆண்டு கழித்து வந்த ஒரு கணக்கின் மேல் ஒட்டிக்கொண்டது.

அது ஐக்லியைவிட எளிது. டெண்டரில் ஓவர்ஹெட்டுக்கும் லாபத்துக்கும் சேர்த்து வைத்த விழுக்காட்டை எடு. ஒப்பந்தத் தொகையை ஒப்பந்தக் காலத்தால் வகுத்து, அந்த விழுக்காட்டால் பெருக்கு. தாமதக் காலத்தால் மறுபடி பெருக்கு. முடிந்தது. கணக்குப் புத்தகத்தைத் திறக்கவே வேண்டாம். டெண்டர் காகிதம் போதும்.

இந்த எளிமையே அதற்குக் கால் கொடுத்தது. 1978இல் கனடாவின் ஒன்டாரியோவில், டொரான்டோ வாகன நிறுத்த ஆணையம் குழி தோண்டும் அனுமதியை நேரத்தில் வாங்கித் தராததால் விளைந்த தாமதத்துக்கு, இதே வகைக் கணக்கைக் கட்டுமான நிறுவனத்துக்குச் சாதகமாக நீதிமன்றம் ஏற்றது.

ஆனால் சூத்திரம் அச்சேறிய அதே 1970இல், இங்கிலாந்தின் மேல்முறையீட்டு நீதிமன்றம் வேறு ஒன்றையும் சொல்லியிருந்தது. லிவர்பூல் நகராட்சிக்கான அடுக்குமாடிக் கட்டடம் ஒன்றில் தூண்குழாய் அடித்தளம் பழுதாகி, வேலை 58 வாரம் நின்றது. பீக் எதிர் மெக்கின்னி என்ற அந்த வழக்கில், தலைமை அலுவலக ஆட்கள் அந்த நாட்களில் உண்மையில் என்ன செய்தார்கள், வேறு வேலை எடுக்கமுடியாமல் போனதா என்பதற்குக் கொஞ்சமாவது சாட்சியம் வேண்டும் என்ற எதிர்பார்ப்பு வெளிப்பட்டது. சூத்திரமும் அதற்கான சந்தேகமும் ஒரே வயதுடையவை.

அந்தச் சந்தேகம் 1980களின் தொடக்கத்தில் கூர்மையானது. தேம்ஸ் நதியில் லண்டன் மாநகர் மன்றம் கட்டிய படகுத்துறையால் வண்டல் படிந்து, டேட் அண்ட் லைல் சர்க்கரை நிறுவனத்தின் துறை பாதிக்கப்பட்டது. தன் மேலாளர்கள் இதற்காகச் செலவிட்ட நேரத்துக்கு இழப்பீட்டில் 2.5 விழுக்காடு கூடுதலாக வேண்டும் என்றது நிறுவனம். நீதிபதி ஃபோர்ப்ஸ் அதைத் தரவில்லை. நேரம் செலவாகியிருக்கும் என்பதில் அவருக்கு ஐயமில்லை. நேரத்தைக் குறித்துவைத்த பதிவு இல்லை என்பதே காரணம்.

இதற்கிடையே மூன்றாவது வடிவம் ஒன்றும் வந்தது. எம்டன் என்ற வேறொரு கட்டட ஒப்பந்த நூலின் பெயர் அதற்கு (1914இல் சென்னையில் குண்டு வீசிய கப்பலுக்கும் இதற்கும் உறவில்லை). எம்டன் சூத்திரம் உருவத்தில் ஹட்சன்தான். டெண்டரில் எழுதிய விழுக்காட்டுக்குப் பதிலாக, நிறுவனத்தின் ஆண்டுக் கணக்கில் உண்மையில் தெரியும் விழுக்காட்டைப் போடும். இரண்டுக்கும் உருவ ஒற்றுமை எந்த அளவுக்கு என்றால், 1988இல் ஷெஃபீல்ட் நகர மன்றத்தின் மேல் ஃபின்னகன் நிறுவனம் தொடுத்த வழக்கில் நீதிபதி ஹட்சனை விரும்புவதாகச் சொல்லிவிட்டு, விளக்கியது எம்டனை.

ஒரே தாமதம், மூன்று விடை

கற்பனையாக ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒப்பந்தத் தொகை 10 கோடி ரூபாய். காலம் 20 மாதம். அரசுத் தரப்பால் 10 மாதம் தாமதம். வேலை முடிய 30 மாதம். டெண்டரில் ஓவர்ஹெட்டும் லாபமும் சேர்த்து 10 விழுக்காடு.

ஹட்சன்: 10 கோடியை 20ஆல் வகுத்தால் மாதம் 50 லட்சம். அதில் 10 விழுக்காடு 5 லட்சம். பத்து மாதத்துக்கு 50 லட்சம் ரூபாய்.

எம்டன்: நிறுவனத்தின் கணக்குப் புத்தகம் ஓவர்ஹெட் 5 விழுக்காடு, லாபம் 3 விழுக்காடு என்று காட்டுகிறது என்று கொள்வோம். மாதம் 50 லட்சத்தில் 8 விழுக்காடு 4 லட்சம். பத்து மாதத்துக்கு 40 லட்சம்.

ஐக்லி: அந்த 30 மாதத்தில் நிறுவனத்தின் மொத்த பில் 40 கோடி, தலைமை அலுவலகச் செலவு 2 கோடி. நம் ஒப்பந்தத்தின் பங்கு நான்கில் ஒன்று, அதாவது 50 லட்சம். 30 மாதத்துக்குப் பிரித்தால் மாதம் சுமார் 1.67 லட்சம். பத்து மாதத்துக்கு 16.7 லட்சம்.

நின்றது ஒரே வேலை, அதே பத்து மாதம். விடையோ 50, 40, 16.7. மூன்றிலும் பெருக்கல் பிழை கிடையாது. வித்தியாசம் எல்லாம் சூத்திரம் பேசாமல் எடுத்துக்கொள்ளும் ஊகங்களில் இருக்கிறது. ஹட்சன், டெண்டரில் எழுதிய லாபம் உண்மையில் கிடைத்திருக்கும் என்று நம்புகிறது. தாமதம் இல்லாவிட்டால் அந்த ஆட்களும் பணமும் வேறு சைட்டில் அதே லாபத்தைச் சம்பாதித்திருப்பார்கள் என்றும், சந்தையில் அப்படி வேலை இருந்தது என்றும் நம்புகிறது. டெண்டரில் போட்டி காரணமாக நஷ்ட விலை போட்டவருக்கும், ஊரில் வேறு வேலையே இல்லாதவருக்கும் அது ஒரே கூலி தரும்.

இன்னொரு ஓட்டையும் உண்டு. ஒப்பந்தத் தொகைக்குள் ஏற்கெனவே ஓவர்ஹெட்டும் லாபமும் இருக்கின்றன. அந்தத் தொகையின் மேலேயே மறுபடி விழுக்காடு போட்டால் லாபத்துக்கும் லாபம் கிடைக்கும். தாமதக் காலத்தில் கூடுதல் வேலைக்குப் பணம் வாங்கியிருந்தால், அதிலும் ஓவர்ஹெட்டின் பங்கு உள்ளே வந்திருக்கும். அதைக் கழிக்காவிட்டால் ஒரே செலவுக்கு இரண்டு முறை பணம்.

இந்தியாவில் காத்திருந்த விழுக்காடு

சூத்திரம் இந்தியாவுக்கு வந்தபோது இங்கே நிலம் பண்பட்டுத்தான் கிடந்தது. வேலையை அரசு பாதியில் பறித்த வழக்குகளில் எதிர்பார்த்த லாபத்துக்கு ஒரு விழுக்காடு போடும் பழக்கம் ஏற்கெனவே இருந்தது. 1977இல் ஆந்திர அரசுக்கு எதிரான முகமது சலாமத்துல்லா வழக்கில், உயர் நீதிமன்றம் 10 ஆகக் குறைத்த விழுக்காட்டை உச்ச நீதிமன்றம் மீண்டும் 15 ஆக்கியது. 1984இல் குஜராத் அரசுக்கு எதிரான பிரிஜ் பால் சிங் வழக்கில், மீதி வேலையின் மதிப்பில் 15 விழுக்காட்டை லாப இழப்பாகத் தந்தது. ஒவ்வோர் அணாவுக்கும் ரசீது கேட்கவேண்டியதில்லை, ஒப்பந்தக்காரர் லாபத்துக்காகத்தான் வேலை எடுக்கிறார் என்ற பொதுப்புத்தி அந்தத் தீர்ப்புகளில் இருந்தது.

அந்த விழுக்காடு வானத்திலிருந்து விழவில்லை. பொதுப்பணித் துறைகள் விலைப்பட்டியல் போடும்போது, பொருள் விலை, கூலி, இயந்திர வாடகை எல்லாம் கூட்டிவிட்டு, கடைசியில் ஒப்பந்தக்காரரின் லாபம், ஓவர்ஹெட் என்று ஒரு வரி சேர்ப்பார்கள். மத்தியப் பொதுப்பணித் துறையின் விலைப் பகுப்பாய்வில் அது இன்று 15 விழுக்காடு. மதிப்பீட்டில் தானே எழுதிக்கொடுத்த எண்ணை, வழக்கு வந்ததும் ஆதாரமற்றது என்று மறுப்பது அரசுக்குச் சங்கடமாகத்தான் இருக்கும்.

இருந்தாலும் பறித்த வேலை வேறு, தாமதமான வேலை வேறு. பறித்தால் லாபம் போனது போனதுதான். தாமதமானால் அந்த வேலையின் லாபம் பிந்தியாவது வந்துசேரும். போனது அந்தக் காலத்தில் வேறிடத்தில் கிடைத்திருக்கக்கூடிய லாபம். 2004இல் பாரத் கோக்கிங் கோல் எதிர் எல்.கே. அஹுஜா வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த வேறுபாட்டைத் தொட்டது. தாமதத்தால் தொழில் சுருங்கி லாபம் போனது என்பவர், பணம் உரிய நேரத்தில் வந்திருந்தால் வேறு தொழிலில் போட்டுச் சம்பாதித்திருப்பேன் என்பதை நிலைநாட்டவேண்டும் என்றது.

இரண்டே ஆண்டில் காற்று மாறியது. மும்பைக் கடலில் எண்ணெய், இயற்கை எரிவாயு ஆணையத்துக்காகக் கடல் மேடைகள் அமைக்கும் வேலையை அரசு நிறுவனமான பர்ன் ஸ்டாண்டர்ட் எடுத்து, மெக்டெர்மாட் என்ற வெளிநாட்டு நிறுவனத்துக்கு உள்ஒப்பந்தம் விட்டிருந்தது. தாமதம் பற்றிய தகராறில் நடுவர் எம்டன் சூத்திரத்தைப் போட்டார். 2006 மே மாதம் உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது. ஹட்சன், எம்டன், ஐக்லி மூன்றையும் பெயர் சொல்லி விவரித்தது. ஒப்பந்தச் சட்டத்தின் 55ஆம், 73ஆம் பிரிவுகள் கணக்கிடும் முறையைச் சொல்லவில்லை. எந்த முறையைக் கைக்கொள்வது என்பது நடுவரின் எல்லைக்குள் வருவது என்றது. லண்டன் நூலின் கணக்குக்கு இந்தியாவில் குடியுரிமை கிடைத்தது.

அரசுத் துறைகள் வாளா இருக்கவில்லை. தாமதத்துக்குக் காலநீட்டிப்பு மட்டுமே உண்டு, பணம் கிடையாது என்ற ஷரத்து ஒப்பந்தங்களில் ஏற்கெனவே இருந்தது. ராம்நாத் இன்டர்நேஷனல் வழக்கிலும், 2010இல் விக் பிரதர்ஸ் வழக்கிலும் அத்தகைய ஷரத்துகளை உச்ச நீதிமன்றம் மதித்து இழப்பீட்டை மறுத்தது. அப்படிப்பட்ட கதவு இருக்கும் வீட்டுக்குள் சூத்திரம் நுழையவே முடியாது. இல்லாத இடங்களில் தாராளமாக நடமாடியது.

2014 நவம்பரில் அதன் செல்வாக்கு உச்சம் தொட்டது. டில்லி வளர்ச்சி ஆணையத்துக்காகத் திரிலோக்புரியில் நடுத்தர வருவாய்ப் பிரிவினருக்கு 168 வீடுகளும் குறைந்த வருவாய்ப் பிரிவினருக்கு 56 வீடுகளும் கட்ட அசோசியேட் பில்டர்ஸ் ஒப்பந்தம் எடுத்திருந்தது. 9 மாதத்தில் முடியவேண்டிய வேலை 34 மாதம் இழுத்தது. 25 மாதத் தாமதத்துக்கு ஆணையமே பொறுப்பு என்று நடுவர் கண்டார். ஹட்சன் சூத்திரத்தையும் பயன்படுத்தினார். டில்லி உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு அவர் தந்ததைப் பெருமளவு வெட்டியது. நீதிபதி ஆர்.எஃப். நாரிமன் எழுதிய உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, உயர் நீதிமன்றம் முதல் மேல்முறையீடு போல உட்கார்ந்து உண்மைகளை மறுபடி எடைபோட்டது தவறு என்று சொல்லி, நடுவர் தந்ததை மீட்டது.

கூர்ந்து பார்த்தால் 2006, 2014 தீர்ப்புகள் இரண்டும் சூத்திரத்தை அளந்து பார்த்து ஏற்றவை அல்ல. 1996ஆம் ஆண்டின் நடுவர் சட்டத்தின் 34ஆம் பிரிவில் நீதிமன்றத்துக்கு உள்ள அதிகாரம் குறுகியது. நடுவர் கையாண்ட முறை சாத்தியமான ஒன்றா என்பதோடு அது நின்றுவிடும். சூத்திரம் வென்றதைவிட, நடுவரின் சுதந்திரம் வென்றது என்பதே சரி. ஆனால் டெண்டர் உலகம் அப்படிப் படிக்கவில்லை. ஹட்சன் போட்டால் நிற்கும் என்று படித்தது. கோரிக்கை மனுக்களில் இரண்டு பக்கத்தில் முடியும் ஹட்சன் கணக்கு வழக்கமான இணைப்பாகிவிட்டது.

அமெரிக்காவில் இறுகிய கயிறு

இதே காலத்தில் ஐக்லி தன் சொந்த நாட்டில் எதிர்த்திசையில் பயணப்பட்டுக்கொண்டிருந்தது. 1984இல் கேபிடல் எலக்ட்ரிக் வழக்கில் ஃபெடரல் சர்க்யூட் நீதிமன்றம் அதற்குப் பச்சைக்கொடி காட்டியது. 1994இல் விக்கம் வழக்கில், தலைமை அலுவலகச் செலவைக் கணக்கிட ஐக்லி ஒன்றே வழி என்று தனியுரிமையே கொடுத்தது. ஆனால் உள்ளே நுழையும் வாசலை ஒவ்வொரு தீர்ப்பிலும் குறுக்கியது.

அந்த வாசலின் பெயர் காத்திருப்பு. தாமதம் எவ்வளவு நாள் என்று தெரியாமல், எந்த நேரமும் கூப்பிட்டால் முழு வேகத்தில் வேலையைத் தொடங்கும்படி அரசு நிறுத்தி வைத்திருக்கவேண்டும். அதனால் வேறு வேலை எடுக்கமுடியாமல் போயிருக்கவேண்டும். வெயிட்டிங் கட்டணம் கேட்கும் டாக்ஸி வாசலிலேயே நின்றிருக்கவேண்டும். நடுவில் இன்னொரு சவாரி போய்வந்திருந்தால் கட்டணம் இல்லை. மிச்சிகன் மாநிலத்தின் ஆன் ஆர்பர் நகரில் முன்னாள் படைவீரர் மருத்துவமனையை விரிவாக்கிய பி.ஜே. டிக் நிறுவனத்தின் வழக்கில், 2003இல் இதே நீதிமன்றம் நிபந்தனைகளை வரிசைப்படுத்தியது. நிறுத்திவைக்கும் எழுத்து ஆணை இல்லையென்றால், தாமதம் நீண்டது, அதன் முடிவு தெரியாதது, உடனே தொடங்கத் தயாராக இருக்கவேண்டியிருந்தது, வேலையின் பெரும்பகுதி நின்றுபோனது ஆகிய ஒவ்வொன்றையும் காட்டவேண்டும். அந்த நிறுவனம் வேலையின் கணிசமான பகுதியைத் தொடர்ந்து செய்துகொண்டிருந்ததால் ஐக்லி அதற்குக் கிட்டவில்லை.

சூத்திரத்தைப் பெற்ற நாடு, அதைப் போடும் முன்பு நிரூபிக்கவேண்டியவற்றின் பட்டியலை நீட்டிக்கொண்டே போனது. இந்தியா அந்தப் பாடத்துக்கு இருபது ஆண்டு எடுத்துக்கொண்டது.

2023: ஒரே இலையுதிர் காலத்தில் இரண்டு தீர்ப்புகள்

அந்த ஆண்டு செப்டம்பர் 21 அன்று பாட்லிபாய் எதிர் இந்துஸ்தான் பெட்ரோலியம் வழக்கில் தீர்ப்பு வந்தது. மும்பையில் கழிவுநீரைச் சுத்திகரித்து மறுபயன்பாட்டுக்குக் கொண்டுவரும் நிலையம் கட்டும் ஒப்பந்தம் 1992இல் போடப்பட்டது. மதிப்பு சுமார் 5.7 கோடி ரூபாய். இழுபட்டு, 1996இல் சுமார் 80 விழுக்காடு முடிந்த நிலையில் நின்றது. நடுவர் ஓவர்ஹெட் இழப்பு ஒரு தலைப்பிலும் லாப இழப்பு இன்னொரு தலைப்பிலுமாகப் பெருந்தொகை தந்தார். நீதிபதி சஞ்சீவ் கன்னாவும், சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற நீதிபதி எம்.எம். சுந்தரேஷும் அமர்ந்த அமர்வு அந்தக் கணக்கின் உள்ளே இறங்கியது. ஹட்சன் எந்தெந்த ஊகங்களின் மேல் நிற்கிறது, எம்டனும் ஐக்லியும் எங்கே வேறுபடுகின்றன என்று விரித்தது. பெரும்பகுதி வேலை முடிந்து அதற்குப் பணமும் வந்துவிட்ட நிலையில், அந்தப் பணத்துக்குள்ளேயே ஓவர்ஹெட்டும் லாபமும் இருக்கின்றன. அதையே மறுபடி எண்ணியது இரட்டைக் கணக்கு என்று கண்டது. நடுவர் தீர்ப்பு நிற்காது என்றது.

ஒரு மாதத்தில், அக்டோபரில், யூனிப்ரோஸ் எதிர் ஆல் இந்தியா ரேடியோ வழக்கு. டில்லி மண்டி ஹவுஸில் தூர்தர்ஷன் பவன் கட்டும் வேலை மூன்றரை ஆண்டுக்கு மேல் தாமதமானது. ஹட்சன் சூத்திரத்தின்படி சுமார் 1 கோடியே 44 லட்சம் ரூபாயை லாப இழப்பாக நடுவர் தந்திருந்தார். ஆதாரம் இல்லை என்று உயர் நீதிமன்றம் திருப்பி அனுப்பியபிறகும் மறுபடி அதையே தந்தார். நீதிபதிகள் எஸ். ரவீந்திர பட், தீபாங்கர் தத்தா அமர்வு அதை ஏற்கவில்லை. தாமதம் நடந்தது, அது கோருபவரின் பிழையால் அல்ல, அவர் நிலைபெற்ற ஒப்பந்தக்காரர் என்பவற்றோடு நம்பத்தக்க சாட்சியமும் வேண்டும். கையில் வந்து மறுத்த வேலைகள், அந்தக் காலத்தில் நிறுவனத்தின் மொத்த வரவு, தாமதம் பற்றிய ஒப்பந்த ஷரத்துகள் போன்றவை அந்தச் சாட்சியம். சூத்திரம் இதற்கு மாற்று ஆகாது.

1970இல் லிவர்பூல் வழக்கில் கேட்ட அதே கேள்வி, 53 ஆண்டு சுற்றிவந்து டில்லியில் கேட்கப்பட்டது: அந்த நாட்களில் உங்கள் ஆட்கள் என்ன செய்தார்கள்?

இனி அதன் இடம்

சூத்திரம் செத்துவிட்டது என்று இந்தத் தீர்ப்புகளைப் படிப்பது தவறு. இரண்டு தீர்ப்புகளும் அதைத் தடைசெய்யவில்லை. இழப்பு நேர்ந்தது என்பதை வேறு சாட்சியத்தால் காட்டியபிறகு, அது எவ்வளவு என்று கணக்குப் போட அது உதவும். இழப்பு நேர்ந்ததா என்ற கேள்விக்கு அதனிடம் விடை இல்லை. கணக்குப் பிள்ளையைச் சாட்சிக் கூண்டில் ஏற்றியதுதான் இத்தனை ஆண்டுக் குழப்பம்.

ஆகவே தகராறின் விதி, நடுவர் அறைக்கு வருவதற்கு வெகுமுன்பே சைட்டில் முடிவாகிவிடுகிறது. தடைப் பதிவேட்டில் எந்தத் தேதியில் எந்த வேலை எதனால் நின்றது என்று எழுதி, துறைப் பொறியாளரின் கையொப்பம் வாங்கியிருக்கவேண்டும். வரைபடம் வரவில்லை என்ற கடிதம் அந்த வாரமே போயிருக்கவேண்டும். வேறு டெண்டரை விட்டுக்கொடுத்தால் அதற்கும் காகிதம் இருக்கவேண்டும். பெரிய நிறுவனங்களுக்கு இதற்கென்றே ஆட்கள் உண்டு. ஊராட்சிச் சாலையும் பள்ளி வகுப்பறையும் கட்டும் சிறிய ஒப்பந்தக்காரரிடம் இந்தக் காகிதங்கள் அரிது. துறைப் பொறியாளரைப் பகைத்தால் அடுத்த பில் பாஸாகாது என்ற பயத்தில் கடிதமே எழுதாதவர்கள் உண்டு. சூத்திரத்தின் தாராளக் காலத்தில் மிகைத்த கோரிக்கைகள் தப்பித்ததைப் போல, அதன் கறார்க் காலத்தில் நியாயமான இழப்புகளும் சாட்சியமின்றிக் கரையும். அழகிப் போட்டி வழக்கில் இழப்பு அளக்கமுடியாததாக இருந்தது. ஆனால் முறையான அழைப்பு வரவில்லை என்பதற்குத் தெளிவான சாட்சியம் இருந்தது. அந்த அளவு சாட்சியமாவது இல்லாதவரை இளகிய கொள்கையும் காப்பாற்றாது.

களமும் மாறுகிறது. 2024 ஜூன் மாதம் மத்திய நிதி அமைச்சகம் வெளியிட்ட வழிகாட்டுதல், அரசின் பெரிய ஒப்பந்தங்களில் நடுவர் ஷரத்தை வழக்கமாகச் சேர்க்கவேண்டாம், சேர்த்தாலும் பொதுவாக 10 கோடி ரூபாய்க்குக் குறைவான தகராறுகளோடு நிறுத்திக்கொள்ளலாம் என்கிறது. பெரிய தகராறுகள் சமரசத்துக்கோ உரிமையியல் நீதிமன்றத்துக்கோ போகும். சூத்திரம் இந்தியாவில் செழித்தது நடுவர் அறையில். அங்கே நடுவரின் விருப்பத்துக்கு மரியாதை இருந்தது, மேலே உள்ள நீதிமன்றத்தின் கை கட்டப்பட்டிருந்தது. உரிமையியல் நீதிமன்றத்தில் சாட்சியச் சட்டம் முழுதாக நிற்கும், மேல்முறையீட்டில் உண்மைகள் மறுபடி எடைபோடப்படும். மூன்று எண்களைப் பெருக்கிக் கோடி கேட்டவர்கள் அங்கே முதலில் தங்கள் கணக்குப் புத்தகத்தைத் திறந்து காட்டவேண்டியிருக்கும். அதே நியாயம் எதிர்த்தரப்புக்கும் பொருந்தும்: வேலை நின்ற நாட்களைத் தன் பதிவேட்டில் எழுத மறுத்துவிட்டு, ஆதாரம் எங்கே என்று கேட்கும் துறையை நீதிமன்றம் எத்தனை கறாராகக் கேட்கிறது என்பதைப் பொறுத்தே, அளக்கமுடியாத இழப்புக்கு இனி நியாயமான விலை கிடைக்கும்.